மிளகாய் மண்டிக்கு மேலே ஒரு லினக்ஸ் கம்பெனி

நான் முதலில் வேலைக்குச் சேர்ந்த கம்பெனி வண்ணாரப்பேட்டையில் ஒரு மிளகாய் மண்டியின் மாடியில் இருந்தது. கீழே கூரை வரைக்கும் காய்ந்த மிளகாய் மூட்டைகள். மேலே ஆறு கம்ப்யூட்டர், இரண்டு தொலைபேசி, சுவரோரம் அடுக்கிய நீல நிற அட்டைப்பெட்டிகள். காலையில் மூட்டை பிரிக்கும்போது நெடி மாடிப்படி ஏறி வந்துவிடும். புதிதாக வருகிறவர்கள் தும்மிக்கொண்டேதான் பேசுவார்கள். எனக்குப் பழக ஒரு மாதம் ஆனது.

அப்போது எனக்கு இருபத்திரண்டு வயது. பாலிடெக்னிக்கில் கம்ப்யூட்டர் டிப்ளமா முடித்திருந்தேன். வீடு திருவொற்றியூரில். அப்பா ரப்பர் தொழிற்சாலையில் ஷிப்டு வேலை பார்த்தார். கும்மிடிப்பூண்டி லைன் வண்டியில் ஏறினால் நேராக வண்ணாரப்பேட்டையில் இறங்கிவிடலாம் என்பதுதான் அந்த வேலையில் எங்கள் வீட்டுக்குப் பிடித்த ஒரே விஷயம். கம்பெனி என்ன விற்கிறது என்று நான் விளக்கியதை அப்பா பொறுமையாகக் கேட்டார். கடைசியில் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்.

"சும்மா கெடைக்கிற சாமானை எவன்மா துட்டு குடுத்து வாங்குவான்?"

அதற்குச் சரியான பதில் சொல்ல எனக்கு அப்போது தெரியவில்லை.

நாங்கள் விற்றது லினக்ஸ். கம்ப்யூட்டரை இயக்குகிற அடிப்படை மென்பொருள். உலகத்தில் எங்கெங்கோ இருக்கிறவர்கள் எழுதி, யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம் என்று பொதுவில் வைத்தது. ஆனால் எடுத்துக்கொள்வது அன்றைக்குச் சுலபம் இல்லை. இன்டர்நெட் தொலைபேசி வழியாகத்தான் வரும். ஒரு சிடி அளவுக்கு இறக்க நாள் கணக்காகும். நடுவில் யாராவது போன் ரிசீவரைத் தூக்கினால் முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். அதனால் வெளிநாட்டில் சில கம்பெனிகள் கிளம்பின. சிதறிக் கிடந்த துண்டுகளைச் சேகரித்து, ஒன்றோடொன்று ஒத்துப்போகிறதா என்று சோதித்து, சிடியில் போட்டு, தடித்த கையேட்டோடு பெட்டியில் அடைத்து விற்றன. எங்கள் முதலாளி அப்படி ஒரு கம்பெனிக்கு எழுதி, அவர்கள் பெட்டியை இங்கேயே அச்சடித்து விற்க அனுமதி வாங்கியிருந்தார்.

முதலாளி தூத்துக்குடிப் பக்கத்துக் குடும்பம். கீழே இருந்த மண்டி அவருடைய அப்பாவுடையது. இன்ஜினியரிங் படித்துவிட்டு மிளகாய் விற்க மாட்டேன் என்று சொன்ன பிள்ளைக்கு அப்பா மாடியை ஒழித்துக் கொடுத்திருந்தார். தெரு முழுக்க அவரை அண்ணாச்சி என்றுதான் கூப்பிட்டது. நாங்களும் அப்படியே கூப்பிட்டோம்.

பெட்டிக்குள் மூன்று சிடி, ஒரு கையேடு, ஒரு மஞ்சள் அட்டை. அட்டையில் ஒரு தொலைபேசி எண் இருக்கும். வாங்கியவர் மூன்று மாதம் அந்த எண்ணைக் கூப்பிட்டுச் சந்தேகம் கேட்கலாம். அந்த எண்ணை எடுத்துப் பேசுவதுதான் என் வேலை.

நேர்முகத் தேர்வு அன்று அண்ணாச்சி என்னைத் தொலைபேசி முன்னால் உட்காரவைத்து, பக்கத்து அறையிலிருந்து வாடிக்கையாளர் மாதிரிக் கூப்பிட்டார். நான் பாடப்புத்தகத் தமிழில், "வணக்கம், தங்களுக்கு என்ன உதவி தேவை" என்று ஆரம்பித்தேன். அவர் போனை வைத்துவிட்டு எழுந்து வந்தார்.

"நீ வீட்ல இப்படியா பேசுவ?"

"இல்ல சார்."

"பொறவு? வீட்ல பேசுத மாதிரி பேசு. நமக்குப் போன் பண்ணுதவன்லாம் ராயபுரத்துக்காரனும் தண்டையார்பேட்டைக்காரனும்தான். உனக்கு முன்ன இருந்த பையன் இங்கிலீஷ்ல அளந்தான். ஒருத்தன் மறுபடி கூப்பிடல."

கல்லூரியில் நான் மறைத்து மறைத்துப் பேசிய பேச்சுக்குச் சம்பளம் கிடைக்கும் என்பது எனக்கு ஆச்சரியமாகத்தான் இருந்தது.

சேர்ந்த மூன்றாவது மாதம், கையேட்டோடு சேர்த்து வைக்கத் தமிழில் ஒரு சிறு புத்தகம் எழுதச் சொன்னார். முப்பத்திரண்டு பக்கம். இரவல் வாங்கிய அகராதிகளை வைத்துக்கொண்டு நல்ல தமிழில் பத்துப் பக்கம் எழுதினேன். படித்துப் பார்த்தால் எனக்கே புரியவில்லை. கிழித்துப் போட்டுவிட்டு, போனில் சொல்வது போலவே எழுதினேன். லினக்ஸில் எல்லா அதிகாரமும் உள்ள கணக்குக்கு ரூட் என்று பெயர். நான் அதை முதலாளி கணக்கு என்று எழுதினேன். "முதலாளியாக நுழைந்து விளையாடாதீர்கள், எதையாவது அழித்துவிடுவீர்கள்" என்ற வரியைப் படித்து அண்ணாச்சி சிரித்தார். அப்படியே அச்சுக்குப் போனது.

எனக்கு அதிகம் போன் செய்தவர் எண்ணூர் நெடுஞ்சாலையில் எடைமேடை வைத்திருந்த ஒரு பாய். துறைமுகத்துக்குப் போகிற கன்டெய்னர் லாரிகள் அவருடைய இரும்புத் தளத்தில் ஏறி நின்று எடை போட்டு, சீட்டு வாங்கிக்கொண்டு போகும். ஐம்பது வயது இருக்கும். சொந்த ஊரே பழைய வண்ணாரப்பேட்டைதான்.

அவர் லினக்ஸ் வாங்கியதற்குக் காரணம் பயம். அந்தச் சமயத்தில் திருட்டு மென்பொருள் வைத்திருப்பவர்களைப் பிடிக்கிறார்கள் என்று பேச்சாக இருந்தது. துறைமுகத்தில் சரக்கை விடுவித்துத் தரும் கிளியரிங் ஏஜென்ட் ஒருவர் அவருக்குத் தெரிந்தவர்; அவர் அலுவலகத்தில் கம்ப்யூட்டர்களைப் போலீஸ் வண்டியில் ஏற்றிக்கொண்டு போய்விட்டார்கள். மறுநாளே பாய் எங்கள் மாடிக்கு வந்தார். தும்மிக்கொண்டே ஒரு பெட்டி வாங்கினார். பில்லை இரண்டு முறை படித்தார். எடைமேடை அறையில் மேசைக்கு மேலே பலகை அடித்து, வருகிற எவனுக்கும் தெரிகிற மாதிரி அந்தப் பெட்டியை வைத்தார். பில்லை அதன் மேலேயே ஒட்டிவிட்டார்.

எடைக்கருவியிலிருந்து வரும் எண்ணைப் படித்துச் சீட்டு அடிக்க அண்ணாச்சியே ஒரு சின்ன நிரல் எழுதிக் கொடுத்திருந்தார். லினக்ஸை நிறுவும் வேலையைப் பாயும் நானும் போனிலேயே மூன்று நாள் செய்தோம். முதல் நாள் திரையில் எல், ஐ என்று இரண்டு ஆங்கில எழுத்து மட்டும் வந்து நின்றுவிட்டது.

"அதுக்கு மேல ஒண்ணும் வரலம்மா. எதுனா சொல்ல வந்து முழுங்கிக்கினு கீது."

இரண்டாம் நாள் அது சரியானது. மூன்றாம் நாள் பிரிண்டர் ஓடவில்லை. திரையில் என்ன எழுதியிருக்கிறது என்று ஒவ்வொரு எழுத்தாகப் படிக்கச் சொன்னேன். பின்னணியில் சத்தமில்லாமல் ஓடுகிற நிரல்களுக்கு லினக்ஸில் டீமன் என்று பெயர். அச்சுக்கான டீமன் நின்றுபோயிருந்தது. அந்தச் சொல்லுக்குப் பேய் என்றுதானே அர்த்தம் என்று அவர் பக்கத்தில் இருந்த லாரி டிரைவர் யாரோ சொல்லிவிட்டார்.

"இன்னாம்மா, உள்ள பேய் கீதுன்றான் இவன்?"

"நல்ல பேய்தான் பாய். செத்துப்போயிக்கீது. எழுப்பலாம்."

"பிஸ்மில்லா. எழுப்பு."

மூன்று மாதம் முடிந்த பிறகும் அவர் கூப்பிட்டுக்கொண்டுதான் இருந்தார். அண்ணாச்சியும் கண்டுகொள்ளவில்லை. நான் இரண்டு முறை நேரில் போயிருக்கிறேன். கடல் காற்றில் எடைக்கருவியின் வயர் முனை பச்சை பூத்துவிடும். பென்சில் அழிரப்பரால் தேய்த்தால் எண்கள் ஒழுங்காக வர ஆரம்பிக்கும். கம்ப்யூட்டரைத் திறந்தால் உள்ளே துறைமுகத்து நிலக்கரித் தூள் மை போலப் படிந்திருக்கும். எங்கள் கையேட்டில் அதற்கெல்லாம் வைத்தியம் இல்லை.

ஒன்றிரண்டு வருஷம் எல்லாம் ஏறுமுகமாகவே இருந்தது. வெளிநாட்டில் லினக்ஸ் கம்பெனிகளின் பங்குகள் ஒரே நாளில் பல மடங்கு ஏறுகிற செய்திகள் வந்தன. அண்ணாச்சி அந்தச் செய்திகளை வெட்டி நோட்டீஸ் போர்டில் குத்துவார். கோயம்புத்தூரில் கிளை, மதுரையில் கிளை என்று பேசினார். பெட்டிகள் அதிகமாக அச்சடித்தோம். பிறகு அதே பங்குகள் இறங்கின. அந்த வெட்டுத் தாள்களை யாரும் பலகையிலிருந்து எடுக்கவில்லை. அவை அப்படியே மஞ்சளாகின. எங்கள் வெளிநாட்டுக் கம்பெனி கைமாறியது என்று கேள்விப்பட்டோம். அனுப்பிய மின்னஞ்சல்களுக்குப் பதில் வருவது நின்றது.

அப்புறம்தான் அந்தச் செய்தி வந்தது. லினக்ஸுக்குள் தங்களுக்குச் சொந்தமான நிரல் வரிகள் கலந்திருப்பதாகவும், லினக்ஸ் பயன்படுத்துகிறவர்கள் தங்களிடம் தனியாக உரிமம் வாங்க வேண்டும் என்றும் ஒரு கம்பெனி கோர்ட்டுக்குப் போயிருந்தது. எந்தக் கம்பெனி என்று பார்த்தால், நாங்கள் விற்ற பெட்டியின் கம்பெனிதான். கைமாறிய பிறகு எடுத்த முடிவு. பெட்டி மேலே இருந்த அதே சின்னம்தான் செய்தித்தாளிலும் இருந்தது.

அண்ணாச்சி அப்போது ஒரு கல்யாணத்துக்காக ஊருக்குப் போயிருந்தார். போனில் பிடித்துச் சொன்னேன்.

"நான் வந்து பாக்கேன். அதுவரைக்கும் எவன் கேட்டாலும் ஒண்ணும் சொல்லாத. ஒண்ணும் எழுதியும் குடுத்துராத. என்ன?"

"சரி அண்ணாச்சி."

அன்று மதியத்துக்குள் பதினோரு போன் வந்தது. எல்லோரிடமும் முதலாளி வந்ததும் சொல்கிறோம் என்றேன். சிலர் திட்டினார்கள். ஒருவர் போலீஸ் வருமா என்று கேட்டார். தெரியாது என்று சொல்ல எனக்கு நாக்கு கூசியது.

பாய் போன் செய்யவில்லை. மறுநாள் நேரிலேயே வந்தார். துணிப்பையிலிருந்து பெட்டியை எடுத்து என் மேசைமேல் வைத்தார். மேலே பில் ஒட்டியபடியே இருந்தது. அன்றைக்கு அவர் தும்மினாரா என்றுகூட எனக்கு நினைவில்லை. முகம் அப்படி இருந்தது.

"உண்மைய சொல்லும்மா. இது திருட்டு மாலா?"

"இல்ல பாய்."

"அப்ப பேப்பர்ல போட்டுக்கீறது? நான் பேஜாரே வாணாம்னுதானே இத வாங்கினேன்? ஊரே காப்பி அடிச்சிக்கினு இருந்தப்போ நான் ஒருத்தன்தான் பில்லு போட்டு வாங்கினவன்."

முதலாளி வரட்டும் என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்ல முடியவில்லை. முந்தின நாளிலிருந்து அந்தச் செய்தியைத் திரும்பத் திரும்பப் படித்ததில் எனக்கு ஒரு விஷயம் உறுத்திக்கொண்டே இருந்தது. பெட்டியைத் திறந்து கையேட்டை எடுத்தேன். கடைசிப் பக்கங்களில் பொடி எழுத்தில் லினக்ஸின் உரிமம் அச்சடித்திருக்கும். எங்களிடம் வாங்கிய யாரும் அதைப் படித்திருக்க மாட்டார்கள். நானே அதுவரை முழுதாகப் படித்ததில்லை.

"உக்காருங்க பாய். இத தமிழ்ல சொல்றேன். நேரம் ஆவும்."

"சொல்லு. இன்னிக்கி எடைய என் தம்பி பாத்துக்கறான்."

வரி வரியாகப் படித்துச் சொன்னேன். புரியாத இடத்தில் நின்று, யோசித்து, மறுபடி படித்தேன். இதை நகல் எடுக்கலாம், மாற்றலாம், இன்னொருவருக்குக் கொடுக்கலாம். விலைக்கும் கொடுக்கலாம். ஆனால் யாருக்குக் கொடுத்தாலும் அவருக்கும் இதே உரிமை எல்லாம் போய்ச் சேரும். கொடுத்தவன் பிறகு தன் பங்குக்குப் புதிதாகத் தடை போடக் கூடாது. பாய் ஒவ்வொரு வரிக்கும் கேள்வி கேட்டார். கடையில் சரக்கு வாங்கும்போது கேட்பது போல, "யாருக்கு?", "எத்தினி நாளிக்கி?", "செத்துட்டா?" என்று கேட்டார். சாயங்காலம் ஆகிவிட்டது.

"சரி, இது யாரு எழுதினது?"

"லினக்ஸ எழுதினவங்க போட்ட உரிமம். ஆனா இந்தப் பெட்டில இத அச்சடிச்சி உங்களுக்குக் குடுத்தது இப்போ கேஸு போட்டுக்கீற அதே கம்பெனிதான் பாய். அதான் எனுக்கு உறுத்துது."

அவர் கையேட்டை வாங்கி, அதிலிருந்த சின்னத்தைப் பெட்டி மேலிருந்ததோடு ஒத்துப் பார்த்தார்.

"அவனே குடுத்துட்டு அவனே கேக்கறானா?"

"அப்டித்தான் எனுக்குத் தோணுது. ஆனா நான் வக்கீலு இல்ல பாய். கோர்ட்டு இன்னா சொல்லும்னு எனுக்குத் தெரியாது."

"அது கெடக்கட்டும். இன்னொண்ணு கேக்கறேன். யாரு வேணா எடுத்துக்கலாம், காப்பி அடிக்கலாம்னா, நீங்க எனுக்கு வித்ததுதான் இன்னா?"

அப்பா கேட்ட கேள்விதான். இந்த முறை பதில் இருந்தது.

"நீங்க போன் பண்ணா நான் எடுக்கறேன்ல, அதான் பாய்."

அவர் சிரிக்கவில்லை. தலையை மட்டும் ஆட்டினார். பிறகு, சொன்னதை ஒரு தாளில் எழுதிக் கொடுக்கச் சொன்னார். யாராவது வந்தால் காட்ட வேண்டும் என்றார். அண்ணாச்சி சொன்னது என் காதில் இருந்தது. ஆனாலும் எழுதினேன். கம்பெனித் தாளில், இவர் இதை முறையாக வாங்கியிருக்கிறார், பெட்டிக்குள் இருக்கும் உரிமத்தின்படிதான் பயன்படுத்துகிறார், மேற்கொண்டு கேட்பவர்கள் எங்களிடம் கேட்கவும் என்று நாலு வரி. கீழே என் கையெழுத்து, கம்பெனி முத்திரை. பாய் மடிக்காமல் கையேட்டுக்குள் வைத்து எடுத்துக்கொண்டு போனார்.

ரயிலில் வீட்டுக்குப் போகும்போதுதான் நான் செய்தது எனக்கு உறைத்தது. வேலை போய்விடும் என்று தோன்றியது. கோர்ட்டு, கேஸு என்று கம்பெனியை நான் இழுத்துவிட்டேனோ என்றும் தோன்றியது. வீட்டில் எதுவும் சொல்லவில்லை.

அண்ணாச்சி திரும்பி வந்த அன்றே நானாகச் சொல்லிவிட்டேன். அவர் குரலை உயர்த்தவில்லை. அதுதான் அதிகம் பயமாக இருந்தது.

"யாரக் கேட்டு எழுதிக் குடுத்த?"

"யாரையும் கேக்கல அண்ணாச்சி. அந்த ஆளு மூஞ்சியப் பாத்துட்டு சும்மா அனுப்ப முடியல."

"போயி வாங்கிட்டு வந்துரு. பாய்ட்ட நான் பொறவு பேசிக்கிடுதேன்."

எடைமேடைக்குப் போனேன். சாலை முழுக்க கன்டெய்னர் லாரிகள் வரிசையாக நின்றன. அரை மைல் அவற்றுக்கு நடுவில் நடந்துதான் போக வேண்டியிருந்தது. அறைக்குள் நுழைந்ததுமே நிமிர்ந்து பார்த்தேன். என் கடிதம் பலகைக்குக் கீழே சுவரில் ஆணியில் தொங்கியது. பளபளவென்றிருந்தது.

"லேமினேட் பண்ட்டேம்மா," என்றார் பாய். "இங்க காத்துல பேப்பர் நிக்காது."

"அண்ணாச்சி திருப்பி வாங்கினு வரச் சொன்னாரு பாய்."

அவர் சீட்டு கிழித்து ஒரு டிரைவரிடம் கொடுத்துவிட்டுத் திரும்பினார்.

"நீ எழுதினது பொய்யா?"

"இல்ல."

"அப்ப அது இங்கியே கெடக்கட்டும். உங்க அண்ணாச்சி வந்து கேக்கட்டும், நான் சொல்லிக்கறேன். டீ சாப்டறியா?"

டீ குடித்துவிட்டு வெறுங்கையோடு திரும்பினேன். நடந்ததைச் சொன்னதும் அண்ணாச்சி, "லேமினேட்டா?" என்றார். சிரிக்க ஆரம்பித்தார். சிரிப்பு இருமலாகி, கண்ணில் தண்ணீர் வந்து, தண்ணீர் குடித்துத்தான் நின்றது. அப்புறம் முகத்தைத் துடைத்துக்கொண்டு நாற்காலியில் சாய்ந்தார்.

"நீ எழுதினது சரின்னுதான் எனக்கும் படுது. ஆனா அதுல கையெழுத்துப் போட வேண்டியவன் நான்லா? எனக்குப் பயமா இருந்துச்சி. அதான் ஊர்லயே ரெண்டு நாள் கூட இருந்துட்டேன்."

அவர் அப்படிச் சொல்வார் என்று நான் எதிர்பார்க்கவில்லை. அடுத்த வாரம் வேறு சில வாடிக்கையாளர்கள் அதே மாதிரிக் கடிதம் கேட்டார்கள். அவற்றில் அவரே கையெழுத்துப் போட்டார். பாய்க்குப் போன கடிதத்தைப் பற்றி அதன் பிறகு பேச்சு எழவில்லை.

உரிமம் எங்கே என்று யாரும் யாரிடமும் வந்து கேட்கவில்லை. எங்கள் கம்பெனி மூடப்பட்டது அந்த வழக்கால் இல்லை. பத்திரிகைகள் இதழோடு லினக்ஸ் சிடியை இலவசமாக ஒட்டிக் கொடுக்க ஆரம்பித்தன. பிராட்பேண்ட் வந்தது. வெளிநாட்டில் மிச்சமிருந்த கம்பெனிகளும் சாதாரண ஆட்களுக்குப் பெட்டி விற்பதை நிறுத்திவிட்டு, பெரிய நிறுவனங்களுக்கு மட்டும் வருஷச் சந்தாவில் சேவை விற்கப் போயின. எங்கள் வாடிக்கையாளர்கள் பெரிய நிறுவனங்கள் இல்லை. போன் மணி குறைந்துகொண்டே வந்தது. ஒரு நாள் முழுக்க அடிக்காமல் இருந்த அன்று அண்ணாச்சியே வந்து, வேறு இடம் பார்த்துக்கொள்ளச் சொன்னார். மாடிக்கு மூட்டைகள் ஏறின. அவர் மண்டிக் கணக்கையும், கிட்டங்கி என்று அவர் சொல்லும் சரக்குக் கிடங்கின் கணக்கையும் கம்ப்யூட்டரில் ஏற்றி, அப்பாவின் வியாபாரத்தையே எடுத்துச் செய்தார். நன்றாகத்தான் செய்தார். இப்போது மாதவரத்தில் பெரிய கிட்டங்கி வைத்திருக்கிறார்.

எனக்கு மாத்தூர் தாண்டி ஒரு கன்டெய்னர் கிடங்கில் வேலை கிடைத்தது. சர்வர்களைப் பார்த்துக்கொள்வது. இன்று வரை அங்கேதான் இருக்கிறேன். கம்ப்யூட்டர் படித்த என் வயதுப் பெண்கள் பலர் தெற்கே, கண்ணாடிக் கட்டடங்களுக்குப் போனார்கள். நான் போகவில்லை. வருத்தம் ஒன்றும் இல்லை.

அந்த வழக்கு வருஷக் கணக்காக இழுத்தது. கேஸ் போட்ட கம்பெனி நொடித்துப்போனது. வழக்கு ஒவ்வொரு படியாகத் தோற்றது. கடைசியில் அதன் மிச்சமும் முடிந்தது என்ற செய்தியை ஒரு நாள் சாப்பாட்டு நேரத்தில் கைப்பேசியில் படித்தேன். சாப்பிட்டுக்கொண்டிருந்த கையோடு, இடது கையால் பாய் எண்ணைத் தேடிப் போட்டேன். பல வருஷம் பேசியிருக்கவில்லை. குரல் தளர்ந்திருந்தது. நான் யார் என்று சொன்னதும் உடனே தெரிந்துகொண்டார்.

"பாய், அந்தக் கேஸு முடிஞ்சிடுச்சி. அவங்க தோத்துட்டாங்க."

"எந்தக் கேஸும்மா?"

நினைவூட்டினேன். செய்தித்தாள், கம்பெனி, உரிமம் என்று ஒவ்வொன்றாகச் சொன்னேன். அவருக்கு மங்கலாகத்தான் வந்தது. சாலையை அகலப்படுத்தியபோது எடைமேடையை இடித்துவிட்டார்களாம். இப்போது பொன்னேரி போகிற வழியில் வைத்திருக்கிறாராம். மகள்தான் நடத்துகிறாள். கம்ப்யூட்டரில் என்ன ஓடுகிறது என்று அவருக்குத் தெரியாது.

"எட கரெக்டா வருது. அது போதும்," என்றார். பிறகு மூட்டுவலிக்கு எந்த டாக்டர் நல்லவர் என்று கேட்டார். தண்டையார்பேட்டையில் எனக்குத் தெரிந்த ஒருவரைச் சொன்னேன். விலாசத்தை இரண்டு முறை சொல்லச் சொல்லி எழுதிக்கொண்டார்.